சுப்பையா எவ்வளவு சாப்பிடுவார்?

1

இன்று காலை ஆபீசுக்குக் கிளம்பும்போது என் மனைவி வாசலில் மறித்து, "சாயங்காலம் சீக்கிரம் வாங்க, இன்னைக்கு உங்க தங்கச்சி மாப்பிள்ளை திதி, மறந்துராதீய" என்றாள். மறந்தால்தானே! கார்த்திகை பிறந்தாலே நான் நாளை எண்ண ஆரம்பித்துவிடுவேன். இந்தப் பினாங்கில் கார்த்திகை என்று ஒரு மாதம் இருப்பது எங்கள் வீட்டுக்கும் கோயில் பண்டாரத்துக்கும் மட்டும்தான் தெரியும். மற்றவர்களுக்கு எல்லா மாதமும் ஒரே வெயில், ஒரே மழை.

ஊரில் இருக்கிற உங்களுக்கு என் உத்தியோகத்தைப் பற்றி ஏதேதோ நினைப்பு உண்டு. வக்கீல் ஆபீசில் இருக்கிறான், கோட்டுப் போட்டவனோடு பழகுகிறான் என்று கோவில்பட்டி பஜாரில் பேசிக்கொள்கிறார்களாம். உண்மையைச் சொல்லிவிடுகிறேன். நான் மொழிபெயர்ப்புக் குமாஸ்தா. பஸ் ஏறிச் செத்தவர்கள், துறைமுகத்தில் பாரம் விழுந்து செத்தவர்கள், இவர்களுடைய பெண்டாட்டிமார் நஷ்டஈடு கேட்டு வழக்குப் போடுவார்கள். எங்கள் ஆபீஸ் அந்தப் பெண்களுக்காக வாதாடுகிற ஆபீஸ் இல்லை. எதிர்த்தரப்பு. பஸ் கம்பெனியின் பக்கம், பாரம் தூக்குகிற கம்பெனியின் பக்கம். வழக்கு விசாரணைக்கு வருமுன் அவர்களை எங்கள் ஆபீசுக்குக் கூப்பிட்டு விசாரிப்போம்; எங்கள் வக்கீல் துரை இங்கிலீஷில் கேட்பார், நான் தமிழில் கேட்பேன். அந்தப் பெண் தமிழில் அழுவாள், நான் இங்கிலீஷில் சொல்வேன்.

அதில் ஒரு கேள்வி எப்போதும் உண்டு. செத்தவர் சம்பாதித்ததெல்லாம் குடும்பத்துக்கு நஷ்டம் ஆகாது, அவர் தனக்கென்று செலவழித்துக்கொண்டதைக் கழித்தது போக மிச்சம்தான் நஷ்டம் என்பது சட்டம். நியாயமாகத்தான் படும், காகிதத்தில் படித்தால். ஆனால் அதைக் கழிக்க வேண்டுமானால் முதலில் கேட்க வேண்டும். அதனால் நான் குரலைத் தாழ்த்தி, மரியாதையாக, "உங்க வீட்டுக்காரர் எவ்வளவும்மா சாப்பிடுவார்?" என்று கேட்பேன். எத்தனையோ பேரிடம் கேட்டிருக்கிறேன். கேட்டுவிட்டு வெளியே வந்து நிம்மதியாக ஒரு காப்பி குடித்திருக்கிறேன்.

இன்றைக்கும் ஆபீஸ் வாசல் பெஞ்சில் ஒரு பெண் உட்கார்ந்திருந்தாள். வெள்ளைச் சேலை. துறைமுகத்தில் மூட்டை சுமந்தவரின் மனைவி. அவளைப் பார்த்ததும் எனக்குச் செருப்பைக் கழற்றிவிட்டுத் திரும்பி ஓடலாமா என்று இருந்தது.

2

என் தங்கை செல்லத்தாயை நாகலாபுரத்துக்குப் பக்கத்து ஊரில்தான் கட்டிக் கொடுத்தோம். மாப்பிள்ளை பெயர் சுப்பையா. கரிசல் காடு கொஞ்சம், ஒரு ஜோடி மாடு, வானத்தை நம்பி விவசாயம். கம்பும் பருத்தியும் விதைப்பார். பிள்ளை ஒன்றே ஒன்று, பொன்னுத்தாய். என் மகளை விட ஒரு வயசு சின்னவள்.

கோவில்பட்டிப் பக்கம் பஞ்சாலைகளுக்குக் கரண்டு போக வேண்டும் என்று அந்தக் காடுகளின் மேலே கம்பி இழுத்தார்கள். இழுத்த கம்பெனியின் பெயரைச் சொல்லி இப்போது ஒன்றும் ஆகப்போவதில்லை, விட்டுவிடுகிறேன். சுப்பையா ஊருக்கு விளக்கு வரவில்லை. அந்த ஊரில் யார் வீட்டிலும் பல்பு கிடையாது. கம்பி மட்டும் தலைக்கு மேலே போயிற்று.

கம்பம் நட வந்தவர்கள் நல்ல கோடையில் வந்தார்கள். கரிசல் அப்போது பாளம் பாளமாக வெடித்துக் கிடக்கும், காலை விட்டால் முழங்கால் வரை இறங்கும். அதே மண் ஐப்பசி மழையைக் குடித்துவிட்டால் உப்பிக்கொண்டு எழும்பும், மேலே நிற்கிறதைப் புரட்டிப் போடும். அடியில் கெட்டித் தரை வரைக்கும் தோண்டி, கல் போட்டு இறுக்கினால்தான் எதுவும் நிற்கும். அந்த வட்டாரத்தில் மாடு கட்டுகிற முளைக்குச்சி அடிக்கிறவனுக்குக்கூட இது தெரியும். வந்தவர்கள் வேறு சீமைக்காரர்கள். குழி தோண்டினார்கள், நட்டார்கள், எடுத்த மண்ணையே போட்டு மிதித்தார்கள், போய்விட்டார்கள்.

முதல் மழைக்கே சுப்பையா காட்டுக் கம்பம் சாய்ந்தது. கம்பி தொங்கியது. சுப்பையா கோவில்பட்டிக்குப் போய்க் கம்பெனி ஆபீசில் சொன்னார். எழுதிக் கொடு என்றார்கள். அவருக்கு எழுதத் தெரியாது. மறுபடி போகும்போது நாகலாபுரத்தில் பருத்தி வியாபாரம் பண்ணுகிற காதர் மீரானைக் கூட்டிக்கொண்டு போனார், மீரான் எழுதிக் கொடுத்தார். சரி, ஆள் அனுப்புகிறோம் என்றார்கள். யாரும் வரவில்லை.

கார்த்திகையில் ஒரு நாள் ராத்திரி முழுக்க அடைமழை. விடிந்ததும் காட்டுக்கு எவ்வளவு தண்ணீர் என்று பார்க்கப் போனார் சுப்பையா. கம்பம் படுத்துக் கிடந்தது. கம்பி கம்புப் பயிருக்குள் விழுந்து கிடந்தது அவர் கண்ணுக்குத் தெரியவில்லை. பயிர் அந்த வருஷம் இடுப்பு உயரம், நல்ல விளைச்சல். கஞ்சி கொண்டு போன செல்லத்தாய்தான் முதலில் பார்த்தாள். பக்கத்துக் காட்டுக்காரர்கள் அவளை இழுத்துப் பிடிக்காவிட்டால் எனக்குத் தங்கையும் இல்லை.

3

செல்லத்தாய் வழக்குப் போட்டாள் என்று எனக்குக் கடிதம் வந்தபோது முதலில் எனக்குத் தோன்றியது பெருமை இல்லை. அய்யோ, கோர்ட்டுப் படி ஏறுகிறாளே என்றுதான். ஊரிலும் அப்படித்தான் பேச்சு. செத்த புருஷனுக்கு விலை கேட்கப் போகிறாள் என்று தண்ணீர் எடுக்கிற இடத்தில் பேசியிருக்கிறார்கள். இவள் காதில் விழ வேண்டும் என்றே பேசியிருக்கிறார்கள்.

அவளுக்கு வேறு வழி இல்லை. கம்பி விழுந்த காட்டில் இறங்கிக் கூலிக்கு வேலை செய்யக்கூட ஆட்கள் பயப்பட்டார்கள். காடு தரிசாகக் கிடந்தது. பொன்னுத்தாயைப் பள்ளிக்கூடத்திலிருந்து நிறுத்தித் தீப்பெட்டி ஆபீசுக்குக் குச்சி அடுக்க அனுப்பினாள். நான் அனுப்பிய பணம் வாய்க்கும் வயிற்றுக்கும் சரியாக இருந்தது. மலேயா சம்பாத்தியம் என்று ஊர் நினைப்பது ஒன்று, குமாஸ்தா கையில் வருவது வேறொன்று. இந்த வழக்கு ஜெயித்தால் பொன்னுத்தாய் திரும்பவும் பள்ளிக்கூடம் போவாள். செல்லத்தாய்க்கு இருந்த கணக்கு அது ஒன்றுதான்.

விசாரணைக்கு வந்த சமயத்தில் லீவு போட்டுக் கப்பல் ஏறினேன். கோவில்பட்டியில் இறங்கினதும் பஸ் ஸ்டாண்டிலேயே என்னைப் பார்த்துச் செல்லத்தாய் சிரித்தாள். "என்னண்ணே, பேச்செல்லாம் மாறிப்போச்சு. 'வேணுமா'ங்க, 'பரவாயில்லை'ங்க. யாரோ டவுன்காரவிய மாதிரி பேசுதியே" என்றாள். எனக்கே தெரியாமல் என் பேச்சு மாறியிருந்தது. இங்கே எல்லா ஊர்த் தமிழர்களுக்கும் புரிய வேண்டும் என்று நாக்கை இஸ்திரி போட்டு வைத்திருக்கிறேன்.

அவளுடைய வக்கீல் நல்ல மனிதர், ஏழை வக்கீல். என்னிடம் விளக்கினார். கம்பெனி இரண்டு விஷயம் சொல்கிறதாம். ஒன்று, பெருமழை தெய்வச் செயல், அதற்கு நாங்கள் என்ன செய்ய முடியும். இரண்டு, கம்பி தொங்குகிறது என்று தெரிந்தும் அந்த ஆள் ஏன் அங்கே போனார்.

செல்லத்தாய் பக்கத்தில் நின்று கேட்டுக்கொண்டிருந்தவள் பொசுக்கென்று பொங்கிவிட்டாள். "தெய்வச் செயலாம்லா! தெய்வமா வந்து குழி தோண்டுச்சு? தெய்வம் தோண்டியிருந்தா நல்லாத் தோண்டியிருக்கும். அவிய காட்டுக்கு அவிய போகாம யாரு போவா?"

"இதையே கோர்ட்டுல சொல்லும்மா, ஆனா கத்தாம சொல்லு" என்றார் வக்கீல்.

பிறகு அவர் ஒரு விஷயம் சொல்லத் தயங்கி என்னைப் பார்த்தார். எனக்குப் புரிந்துவிட்டது. என் தொழில் அல்லவா! நானே சொன்னேன். "செல்லத்தாய், அங்கன ஒரு கேள்வி கேப்பாங்க. மாப்பிள்ளை எவ்வளவு சாப்பிடுவாருன்னு. கொஞ்சமாத்தான் சாப்பிடுவாருன்னு சொல்லிரு. அவ்வளவுதான்."

"அதை எதுக்குண்ணே கேக்காவ?"

"சட்டம் அப்படி. அதிகமாச் சொன்னா உனக்கு வர்றது குறைஞ்சுபோகும்."

அவள் என்னை ஒரு மாதிரியாகப் பார்த்தாள். பிறகு சரி என்று தலையாட்டினாள். மாப்பிள்ளை சாப்பாட்டைப் பற்றி இந்த மாதிரி பேசியதற்கு அப்போது எனக்கு வெட்கம் வரவில்லை. காரியம் சரியாகச் சொல்லிக் கொடுத்துவிட்டோம் என்று திருப்தியாகவே இருந்தது.

4

காதர் மீரான் கடையைச் சாத்திவிட்டுச் சாட்சி சொல்ல வந்தார். கம்பெனிக்கும் அவருக்கும் பஞ்சாலை வழியாக வியாபாரம் உண்டு. அதனால் வரமாட்டார் என்றுதான் ஊரில் சொன்னார்கள். வந்து கூண்டில் ஏறி, "நாந்தான்யா எழுதிக் குடுத்தேன். சுப்பையா அண்ணாச்சி சொல்லச் சொல்ல எழுதுனேன். கம்பம் சாயுது, ஆளைக் கொன்னுரும்னு எழுதியிருக்கு. அதை வாங்கிக்கிட்டவிய அந்தா உக்காந்திருக்காவ" என்று கம்பெனி மேனேஜரைக் கையால் காட்டினார். மேனேஜர் குனிந்து செருப்பைப் பார்த்தார். தெய்வச் செயல் அந்த இடத்திலேயே பாதி செத்தது.

பிறகு செல்லத்தாய் ஏறினாள். கம்பெனி வக்கீல் திருநெல்வேலிக்காரர், வயசானவர், பேச்சு பஞ்சு மாதிரி. மண்ணைப் பற்றி, மழையைப் பற்றி, கம்பியைப் பற்றிக் கேட்டார். செல்லத்தாய் கத்தாமல் பதில் சொன்னாள். நன்றாகவே சொன்னாள். எனக்கு நெஞ்சு நிமிர்ந்தது.

அப்புறம் அவர் குரலைத் தாழ்த்தினார். நான் தாழ்த்துகிற அதே அளவுக்கு.

"உங்க வீட்டுக்காரர் எவ்வளவும்மா சாப்பிடுவார்?"

கோர்ட்டில் ஒரே கூட்டம். பக்கத்து ஊர்க்காரர்கள், தண்ணீர் எடுக்கிற இடத்தில் பேசினவர்களின் புருஷன்மார், வேறு வழக்குக்கு வந்து சும்மா நின்றவர்கள். செல்லத்தாய் அவர்களைப் பார்த்தாள்.

"பயப்படாம சொல்லுங்கம்மா. கொஞ்சமாச் சாப்பிடுவாரோ?"

அவர் தெரிந்துதான் கேட்டார் என்று இப்போதும் நினைக்கிறேன். எங்கள் கரிசல் பக்கத்துப் பெண்களை அவருக்குத் தெரியும். மழை பொய்த்த வருஷங்களில் என்ன பாடு பட்டாலும், என் புருஷன் என் வீட்டில் அரை வயிற்றோடு கிடந்தார் என்று நாலு பேர் முன்னால் ஒருத்தி சொல்ல மாட்டாள். அவளைக் கொன்றால்கூடச் சொல்ல மாட்டாள். அடுப்பில் பூனை தூங்கினாலும் வெளியே வந்து சாப்பிட்டு எழுந்தவள் மாதிரி வெற்றிலை போட்டுக்கொள்வாள்.

"எதுக்குக் கொஞ்சமாச் சாப்பிடணும்?" என்றாள் செல்லத்தாய். "நல்லாச் சாப்பிடுவாவ. காலையில ஒரு கும்பா கம்மங்கஞ்சி. மத்தியானம் காட்டுக்கு நான் கொண்டு போவேன், கம்மஞ்சோறும் மோரும். ராத்திரி சோளச்சோறு, பருப்புக் குழம்பு. மறுசோறு வாங்காம எந்திரிக்க மாட்டாவ. உழைக்குத ஆம்பளைக்கு அதுகூட இல்லாம எப்படி?"

"அவ்வளவும் அவரே சாப்பிடுவாரா?"

"அவியதான். நான் போட்டேன்லா."

எங்கள் வக்கீல் கண்ணை மூடிக்கொண்டார். மறுசோறு என்ன மறுசோறு! பல நாள் சுப்பையா தன் கும்பாவில் பாதியை மகளுக்குத் தள்ளிவிடுவார் என்று இதே செல்லத்தாய் ஆளை வைத்து எனக்குக் கடிதம் எழுதியிருக்கிறாள். கூட்டத்தில் நின்ற எனக்கு அவள் சொல்வது பொய் என்று தெரியும். அதை ஏன் சொல்கிறாள் என்றும் தெரியும்.

"அப்படின்னா, அவர் சம்பாதிச்சதுல பாதிக்கு மேலே அவருக்கே ஆயிருக்கும், இல்லையாம்மா?" என்றார் அந்தப் பெரியவர்.

செல்லத்தாய்க்கு அப்போதுதான் முழுசாகப் புரிந்தது. கூண்டிலிருந்தபடியே என்னைத் தேடினாள். "அண்ணே, இவிய என்ன கேக்காவ? அவிய தின்னதைக் கழிக்கதுக்கா கேக்காவ?"

கோர்ட்டே என்னைப் பார்த்தது. நான் தூணுக்குப் பின்னால் ஒதுங்கினேன். எத்தனையோ பெண்கள் இப்படி யாரையோ தேடுவதைப் பார்த்திருக்கிறேன். தேடப்படுகிறவனாக இருப்பது எப்படி என்று அன்றுதான் தெரிந்தது. தரை பிளந்தால் இறங்கிவிடலாம் என்று இருந்தது. வெளியே கரிசல் மண் பிளந்துதான் கிடந்தது, கோர்ட்டுக்குள் சிமெண்டுத் தரை.

ஜட்ஜ் ஐயா, "அம்மா, கேள்விக்கு மட்டும் பதில் சொல்லுங்க" என்றார். கனிவாகத்தான் சொன்னார்.

செல்லத்தாய் முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டாள். "கழிச்சிக்கிடுங்கய்யா. எவ்வளவு வேணும்னாலும் கழிச்சிக்கிடுங்க. பசியோட போனாவன்னு மட்டும் எழுதிராதீய" என்றாள்.

5

தீர்ப்பு நாங்கள் ஜெயித்ததாகத்தான் வந்தது. ஆபத்தான சாமானை ஊரார் தலைக்கு மேல் கொண்டு போகிறவர்கள் அது யார் மேலும் விழாமல் காக்க வேண்டும், மண் தெரியாமல் நட்டதும், சொல்லியும் வராததும் கம்பெனியின் அசட்டை, மழையின் மேல் பழி போட முடியாது என்று ஜட்ஜ் தெளிவாக எழுதினார். தன் காட்டுக்குப் போனது சுப்பையாவின் குற்றம் ஆகாது என்றும் எழுதினார். வக்கீல் அந்தப் பகுதியைச் செல்லத்தாய்க்கு வாசித்துக் காட்டினார். "இன்னொருக்கா வாசிங்க" என்றாள். இன்னொரு தடவை வாசித்தார்.

கொடுக்கச் சொன்ன தொகை சொற்பம். காலைக் கஞ்சியும் மத்தியானச் சோறும் ராத்திரிச் சோறும் மறுசோறும் போக மிச்சம். கம்பெனி வாய் பேசாமல் கட்டியது. காட்டை மறுபடி உழுவதற்கு அது ஆயிற்று. பொன்னுத்தாய் இன்றைக்கும் தீப்பெட்டி ஆபீசுக்குத்தான் போகிறாள். விடியுமுன் வேன் வரும், ஏறிப் போவாள்.

நான் திரும்புகிற அன்று பஸ் ஸ்டாண்டில் செல்லத்தாய் எனக்குக் கருப்பட்டி மிட்டாய் வாங்கிக் கொடுத்தாள், பிள்ளைக்கு என்று. பிறகு சாதாரணமாகக் கேட்டாள்.

"நீயும் அங்கன இந்த வேலைதான் பாக்குதியாண்ணே?"

"ம்."

"இப்படித்தான் கேப்பியா?"

"கேக்கச் சொல்லுவாங்க. கேப்பேன்."

"அந்தப் பொம்பளைக என்ன சொல்லுவாவ?"

"கொஞ்சமாத்தான் சாப்பிடுவாருன்னு சொல்லுவாங்க. யாராவது சொல்லிக் கொடுத்திருப்பாங்க."

செல்லத்தாய் மிட்டாய்ப் பொட்டலத்தை என் பைக்குள் வைத்தாள். "பாவம்ணே. வீட்டுக்குப் போயி அழுதிருக்கும்" என்றாள்.

என்னை ஒரு வார்த்தை திட்டவில்லை. திட்டியிருந்தால் நானும் ஏதாவது சொல்லியிருப்பேன். வயிற்றுப்பிழைப்பு, சட்டம், துரை சொல்கிறார் என்று சொல்வதற்கு என்னிடம் எவ்வளவோ இருந்தது.

6

இன்றைக்கு அந்த வெள்ளைச் சேலைக்காரியை உள்ளே கூப்பிட்டார்கள். துரையிடம் ஆரம்பத்திலேயே சொல்லிப் பார்த்தேன், அந்தக் கேள்வியை விட்டுவிடலாமா என்று. அவர் கண்ணாடிக்கு மேலே என்னைப் பார்த்து, உடம்பு சரியில்லையா என்று கேட்டார்.

கேட்டேன். வேறு என்ன செய்ய? வேலையை விட்டுவிட்டு வீரம் பேசுகிற ஆள் நான் இல்லை. மகள் கான்வென்டில் படிக்கிறாள்.

"கொஞ்சமாத்தாங்க சாப்பிடுவாரு" என்றாள் அந்தப் பெண். பாடம் ஒப்பிக்கிற குரல்.

மூட்டை சுமக்கிற ஆள் கொஞ்சமாகச் சாப்பிடுவாரா, இன்னொரு தடவை கேள் என்றார் துரை. இன்னொரு தடவை கேட்டேன். அவள் தலையைத் தூக்கவே இல்லை. "கொஞ்சமாத்தாங்க" என்றாள். அதையே இங்கிலீஷில் சொன்னேன். துரைக்குக் காதில் விழவில்லை, திரும்பச் சொல்லச் சொன்னார்.

வெளியே வரும்போது அவள் என் பக்கத்தில் வந்து, "நான் சொன்னது சரிதானுங்களே?" என்று ரகசியமாகக் கேட்டாள். நான் எந்தப் பக்கத்து ஆள் என்பதுகூட அவளுக்குத் தெரியவில்லை. தமிழ் பேசினதால் தன் பக்கம் என்று நினைத்துவிட்டாள். "சரிதாம்மா, போயிட்டு வாங்க" என்றேன். காப்பி குடிக்கப் போகவில்லை.

சாயங்காலம் வீட்டில் படையல். இங்கே கம்பு கிடைக்காது, அரிசிச் சோறுதான். என் மகள் சுப்பையா படத்தைப் பார்த்து, "அங்கிளுக்கு என்னப்பா பிடிக்கும்?" என்றாள். கம்மஞ்சோறு என்றேன். அது எப்படி இருக்கும் என்றாள். சாம்பல் நிறத்தில், உருண்டையாக, மோரில் கிடக்கும் என்றேன். முகத்தைச் சுளித்துச் சிரித்தாள். கோர்ட்டுக் கதை அவளுக்குத் தெரியும். "அத்தை அன்னைக்குக் கொஞ்சம்னு சொல்லியிருந்தா பொன்னு ஸ்கூலுக்குப் போயிருப்பாள்ல? ஸோ ஸில்லி" என்றாள். அறைந்துவிடலாம் போல வந்தது. அறைய எனக்கு என்ன யோக்கியதை? அவள் சொன்னதைத்தானே நானும் செல்லத்தாய்க்குச் சொல்லிக் கொடுத்தேன்.

சாப்பிட உட்கார்ந்தோம். கொஞ்சம் பிசைந்துவிட்டுக் கையை எடுத்தேன். என் மனைவி கரண்டியோடு வந்து நின்றாள். "என்ன, இவ்வளவுதானா? இப்பல்லாம் கொஞ்சமாத்தான் சாப்பிடுதீய" என்றாள்.

"போடு" என்று இலையை முன்னால் தள்ளினேன். "இன்னும் போடு. யாரு கேட்டாலும் நல்லாச் சாப்பிடுவாருன்னே சொல்லு."

"உங்க சாப்பாட்டை எங்கிட்ட யாரு வந்து கேக்கப் போறா?" என்று சிரித்துக்கொண்டே அவள் சோற்றைப் போட்டாள். நான் தலையைக் குனிந்துகொண்டு சாப்பிட ஆரம்பித்தேன்.